நிலவறைக் கதவு

திராட்சைக் கூடைகளைக் கழுவிக்கொண்டிருந்தபோதுதான் அந்தச் சத்தம் இல்லாதது ஜெசிக்காவுக்குத் தெரிந்தது. தண்ணீர்க் குழாயை மூடிவிட்டு நிமிர்ந்தாள். துறைமுகப் பக்கம் ஏதோ கப்பல் ஊதியது. பலேர்மோவின் போர்கோ வெக்கியோ சந்தையில் கடையை ஒதுக்குகிற மீன்காரனின் குரல்கூட மதிலுக்கு அப்பாலிருந்து தெளிவாகக் கேட்டது. அது கேட்டிருக்கக் கூடாது. அறுவடை தொடங்கிய நாளிலிருந்து வேறு எதையும் காதில் விழவிடாமல் அந்த முற்றத்தில் உறுமிக்கொண்டிருந்த நிலவறை விசிறி நின்றுபோயிருந்தது.

முதலாளி மத்தியாஸ் சொல்லியிருந்தான். மத்தியான நேரத்தில் தூங்க முடியவில்லை என்று எதிர்வீட்டு மாடிகளிலிருந்து முறைப்பாடு வந்துவிட்டது, சாப்பாட்டு நேரத்தில் மட்டும் விசிறி தானாக நின்று தானாக ஓடும்படி நேரக் கருவி பொருத்தப்போகிறேன் என்று. அந்த நேரத்தில் கீழே யார் போகப்போகிறார்கள், கதவைப் பூட்டிவிட்டால் போதும் என்றான். ஜெசிக்கா மறுத்தாள். "அடுத்த கிழமை இருந்து கதைப்போம்" என்று முடித்துவிட்டுப் போனான். அவன் இன்றைக்கே செய்துவிடுவான் என்று அவள் எதிர்பார்க்கவில்லை.

நொதிக்கிற திராட்சைச் சாறு விடும் வாயுவுக்கு நிறம் இல்லை. காற்றைவிடக் கனம் என்பதால் தண்ணீரைப் போல அது பள்ளத்தில் தங்கும், இறங்குகிறவரின் மூச்சை நிறுத்திவிடும்; அதை வெளியே தள்ளத்தான் விசிறி. போன வருடம் வரை நிலவறையில் நான்கு தொட்டிகள்தாம் இருந்தன. இந்த வருடம் மத்தியாஸ் எட்டாக்கியிருந்தான்.

மத்தியாஸின் கெல்லன்பாக் குடும்பத்தில் ஒவ்வொரு தலைமுறையும் எதையாவது பெருப்பித்துத்தான் கைமாற்றியது. ஜேர்மனியில், மோசல் ஆற்றின் செங்குத்தான கரையில் சில வரிசைத் திராட்சைக் கொடிகளோடு தொடங்கியவர் யோசெப். அவர் பீப்பாயோடு விற்றார். மகன் கார்ல் போருக்குப் பிறகு போத்தலில் அடைத்து, குடும்பப் பெயரை ஒட்டி, நகரத்து உணவகங்களுக்கு அனுப்பினார். கார்லின் மகன் டீற்றர், தேனிலவுக்குப் பலேர்மோ வந்தவர், ஊர் திரும்பும்போது சிசிலி வைனுக்கு ஒரு தாங்கி வண்டியை ஒழுங்குசெய்துவிட்டுத்தான் போனார். பிறகு துறைமுகத்துக்குப் பின்னால் இந்தப் பழைய கல் களஞ்சியத்தை வாங்கினார். அவருடைய மகன் மத்தியாஸுக்கு மற்றவர்களின் வைனை வாங்கி அனுப்புவது போதவில்லை. மலைப்பக்கம் தோட்டம் வாங்கினான். திராட்சையை இங்கேயே கொண்டுவந்து, இங்கேயே நொதிக்கவைத்தான்.

ஜெசிக்காவின் அப்பா ஜோக்கிம் மன்னாரிலிருந்து வந்து, கொஞ்சக் காலம் பெரிய வீடுகளில் தரை துடைத்து, பிறகு டீற்றரிடம் பீப்பாய் உருட்டச் சேர்ந்தவர். இருவருக்கும் பொதுவாக இருந்தது அரைகுறை இத்தாலியன். ஒருவர் சொன்ன பிழையை மற்றவரும் பிழையாகவே விளங்கிக்கொண்டு இத்தனை வருடம் ஓட்டிவிட்டார்கள். முழங்கால் ஒத்துழைக்காமல் டீற்றர் பொறுப்பை மகனிடம் கொடுத்த பிறகும், ஒவ்வொரு அறுவடைக்கும் ஊரிலிருந்து வந்துவிடுவார். ஜோக்கிமுடன் முற்றத்தில் உட்கார்ந்து, ஜெசிக்காவின் அம்மா அற்புதமலர் கட்டிக் கொடுத்த இடியப்பத்தைக் கரண்டியால் சாப்பிடுவார். ஜெசிக்காவை வைன் படிக்கச் சொன்னதும் அவர்தான். படித்துவிட்டு வந்தவளிடம் நிலவறைப் பொறுப்பை ஒப்படைக்கும்படி மகனிடம் சண்டை பிடித்ததும் அவர்தான். ஆனால் ஒரு பழக்கத்தை மட்டும் அவரால் விட முடியவில்லை. தினமும் கீழே போய், தொட்டியில் காதை வைத்து, சாறு கொதிக்கும் சத்தத்தைக் கேட்பார். அவரிடம் தனிச் சாவி இருந்தது.

அது நினைவுக்கு வந்ததும் ஜெசிக்கா ஓடத் தொடங்கினாள். பாதி முற்றம் தாண்டுவதற்குள் உள்ளேயிருந்து அப்பாவின் குரல் கேட்டது.

"சிஞ்ஞோர் டீற்றர்! சிஞ்ஞோர் டீற்றர்!"

நிலவறைப் படிக்கு மேலே இருந்த கம்பிக் கதவு திறந்துகிடந்தது. பூட்டில் டீற்றரின் சாவி தொங்கியது. அப்பா கதவுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு கீழே குனிந்து நின்றார். அவருக்கு அப்பால், படிக்கட்டின் நடுவில், மஞ்சள் விளக்கு வெளிச்சத்தில், இரண்டு சப்பாத்து அடிப்பாகங்கள் தெரிந்தன. டீற்றர் முகங்குப்புறக் கிடந்தார். ஒரு கை இன்னும் சுவரோரக் கைப்பிடியில் மாட்டியிருந்தது.

ஜெசிக்காவின் சட்டைப் பையில் செருகியிருந்த வாயு அளவுகருவி வீரிட்டுக் கத்தியது. மூக்கினுள் சோடா ஏறியது போல ஒரு குத்தல். வாயு படியேறி வந்துகொண்டிருந்தது.

அப்பா சட்டைக் கையால் வாயைப் பொத்திக்கொண்டு முதல் படியில் கால் வைத்தார். ஜெசிக்கா அவருடைய இடுப்புப் பட்டியைப் பின்னாலிருந்து பிடித்து, முழுப் பாரத்தையும் கொடுத்து இழுத்தாள். இருவரும் மல்லாக்க விழுந்தார்கள். முதலில் எழுந்தவள் அவள். கம்பிக் கதவை இழுத்துச் சாத்தினாள், சாவியைத் திருப்பினாள், உருவினாள்.

"என்ன விசர் வேலை பாக்கிறாய்? திற!"

"ஏலாது அப்பா. காஸ்."

"காஸ் எண்டு எனக்குத் தெரியாதே? இஞ்சை பார், கால் தெரியுது. காலைப் பிடிச்சு இழுத்தால் வந்திடும். திற பிள்ளை!"

அவர் சாவிக்காகக் கையை நீட்டினார். அவருக்கு வயதாகியிருந்தாலும் பீப்பாய் உருட்டிய கை. அவளுடைய விரல்களைப் பிரிப்பது அவருக்கு ஒன்றுமில்லை. ஜெசிக்கா சாவியைச் சட்டைக்குள், மார்புக்கச்சைக்குள் போட்டாள். குளிர்ந்த இரும்பு தோலைத் தொட்டது. அந்த இடத்துக்கு அவருடைய கை வராது என்று அவளுக்குத் தெரியும். ஜோக்கிமின் கை பாதியில் நின்றது. அவர் அவளைப் பார்த்த பார்வையை அவள் அதற்கு முன் கண்டதில்லை.

அவள் விசிறியின் மின் ஆளியைத் தட்டினாள். நேரக் கருவி விடவில்லை. அதன் மின்கம்பியைப் பிடுங்கி, நேரே பொருத்தி, மறுபடி தட்டியபோது அது இருமி, நின்று, பிறகு சுழலத் தொடங்கியது. காற்றழுத்தக் குழாயை இழுத்துவந்து கம்பிகளுக்கிடையே நுழைத்து, டீற்றர் கிடந்த திசைக்குத் திறந்துவிட்டாள். அவருடைய நரைத்த தலைமுடி காற்றில் எழும்பி அலைந்தது. ஒரு கணம் அவர் தலையைத் தூக்குகிறார் என்றே நினைத்தாள். தீயணைப்புப் படையைத் தொலைபேசியில் அழைத்துத் தெருவின் பெயரைச் சொல்லும்போது குரல் தன்னுடையதாக இல்லை. வருகிறார்கள், வருகிறார்கள் என்று மறுமுனையில் ஒரு பெண் சொல்லிக்கொண்டேயிருந்தாள்.

"மகள்," என்றார் அப்பா. இப்போது அவர் கத்தவில்லை. கம்பியைப் பிடித்துக்கொண்டு முழங்காலில் இருந்தார். "நான் சுழியோடின ஆள். சங்கு எடுக்கக் கடலுக்கடியிலை போனவன். மூச்சை அடக்கிக்கொண்டு போய் வந்திடுவன். உனக்குத் தெரியும்தானே. எனக்கு ஏலும். சத்தியமா ஏலும்."

அவளுக்கு எல்லாவற்றிலும் பயங்கரமாக இருந்தது அதுதான். அவர் சொன்னது பொய்யாக இல்லாமலும் இருக்கலாம்.

சிறு பெண்ணாக இருக்கும்போது டீற்றர் அவளுக்கு ஒரு கதை சொல்லியிருந்தார். அவருடைய தாத்தா யோசெப் மூன்று சகோதரரில் இளையவர். ஓர் அறுவடைக் காலத்தில் மூத்தவர் நிலவறைக்குப் போனார், திரும்பவில்லை. பார்க்கப் போன இரண்டாவது அண்ணனும் திரும்பவில்லை. யோசெப் ஓடிவந்தபோது தாய் கதவை மூடி, அதற்கு முதுகைக் கொடுத்து உட்கார்ந்திருந்தாள். அவர் தாயை அடித்தார், தலைமயிரைப் பிடித்து இழுத்தார். அவள் எழும்பவில்லை. அதனால்தான் கொடிகள் யோசெப்புக்கு வந்தன, அதனால்தான் கம்பனி இருக்கிறது என்று சொன்னபோது டீற்றர் சிரிக்கவில்லை. "தாத்தா கடைசிவரை தன் தாயோடு அந்தக் கதவைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை" என்று மட்டும் சொன்னார். கதவுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவளுக்கு எப்படி இருந்திருக்கும் என்று ஜெசிக்கா அப்போது கேட்கவில்லை. இப்போது கம்பிக் கதவில் முதுகை வைத்து, குழாயைப் பின்பக்கமாகப் பிடித்தபடி நின்றபோது, தன் முதுகுக்குப் பின்னால் ஒரு மனிதர் செத்துக்கொண்டிருப்பதைத் திரும்பிப் பார்க்கப் பயந்து, எதிரே இருந்த தகப்பனின் முகத்தையும் பார்க்க முடியாமல், கூரையைப் பார்த்தாள்.

தீயணைப்புக்காரர்கள் முகமூடியும் முதுகில் உருளையுமாக ஓடிவந்தார்கள். திரும்பி நின்று சாவியை எடுத்துக் கொடுத்தாள். அது சூடாகியிருந்தது.

டீற்றரை முற்றத்தில் கிடத்தி நெஞ்சை அழுத்தினார்கள். மத்தியாஸ் துறைமுகத்திலிருந்து வந்து சேர்ந்தபோதும் அழுத்திக்கொண்டேயிருந்தார்கள். பிறகு நிறுத்தினார்கள். மத்தியாஸ் தகப்பனின் கழன்ற சப்பாத்தைக் கையில் எடுத்துக்கொண்டு, அதை எங்கே வைப்பது என்று தெரியாதவன்போல முற்றத்தைச் சுற்றிச் சுற்றி நடந்தான். மறுபடி ஓடிக்கொண்டிருந்த விசிறியின் முன்னால் வந்ததும் நின்றான். வேறு யாரும் அவனிடம் எதுவும் சொல்லத் தேவையிருக்கவில்லை.

"நீ சரியாகத்தான் செய்தாய்," என்றான் ஒரு தீயணைப்புக்காரன், குழாயைச் சுற்றிக்கொண்டே. "இல்லாவிட்டால் இரண்டு பேரைத் தூக்கியிருப்போம். மூன்று பேரையும் தூக்கியிருக்கலாம்."

"நன்றாக மூச்சடக்கக்கூடிய ஒருவர் போயிருந்தால்?"

அவன் சுற்றுவதை நிறுத்தினான். அவளுக்குப் பின்னால் பெட்டியில் உட்கார்ந்திருந்த ஜோக்கிமைப் பார்த்தான். "அதை என்னால் சொல்ல முடியாது, சிஞ்ஞோரீனா," என்றான்.

டீற்றரின் உடல் விமானத்தில் மோசலுக்குப் போயிற்று. நிலவறைக்கு முத்திரை வைத்தார்கள். மத்தியாஸை விசாரணைக்கு அழைத்தார்கள், ஜெசிக்காவையும் அழைத்தார்கள். அவள் நடந்ததை நடந்தபடி சொன்னாள். நேரக் கருவியைப் பற்றியும் சொன்னாள். வீட்டில் ஜோக்கிம் அவளோடு கதைப்பதை நிறுத்திவிட்டார். கோபப்படவில்லை, சோற்றுக் கோப்பையை நகர்த்திக்கூட வைத்தார். ஆனால் அவள் அறைக்குள் வந்தால் யன்னலுக்குப் போனார். வேலைக்கும் போகவில்லை.

"அந்தப் பிள்ளை இல்லாட்டி நீங்கள் இண்டைக்கு இல்லை," என்று அற்புதமலர் ஒருநாள் பொறுக்க முடியாமல் சொன்னாள். "அதை ஒருக்கா நினைச்சுப் பாருங்கோவன்."

"ஓம்," என்றார் அவர், வெளியே பார்த்தபடி. "நான் இருக்கிறன்."

ஜெசிக்காவுக்கு நித்திரை வந்தால் சப்பாத்துகள் வந்தன. சில நேரம் அவை அப்பாவுடையவை. அப்போது அவள் சாவியோடு நின்றுகொண்டிருப்பாள், திறப்பதா பூட்டுவதா என்று தெரியாமல் விழித்துவிடுவாள். விழித்ததும் சுவருக்கு அப்பால் அப்பா இருமும் வரை காத்திருப்பாள்.

முத்திரையை அகற்றி, வாயு இல்லை என்று சோதித்து, இனிப் புழங்கலாம் என்று சொன்ன பிறகும் யாரும் கீழே போகத் தயாராக இல்லை. எட்டுத் தொட்டியிலும் வைன் கிடந்தது. உடனே வண்டலைப் பிரித்து மாற்றாவிட்டால் கெட்டுவிடும். ஊரிலிருந்து திரும்பி வந்திருந்த மத்தியாஸ் கம்பிக் கதவுவரை வந்தான். வெள்ளைப் பூச்சுப் பூசியது போல முகம் வெளிறியிருந்தது.

"திறந்து சாக்கடையில் விட்டுவிடுவோம்," என்றான். "இந்த இடத்தையும் விற்றுவிடுகிறேன். நான்கு பேர் கட்டியது என்னோடு முடியட்டும். என்னால் இறங்க முடியாது, ஜெசிக்கா. அப்பா அந்தப் படியில் இருக்கிறார்."

அவளுக்கும் அவர் அந்தப் படியில்தான் இருந்தார். அதனால்தான் இறங்க வேண்டியிருந்தது. இன்று இறங்காவிட்டால் இனி எந்தப் படியிலும் இறங்க முடியாமல் போகும் என்று அவளுக்குப் பட்டது.  "நான் போகிறேன்," என்று மட்டும் சொன்னாள்.

புதிய விதிப்படி இறங்குகிறவர் தோள் பட்டி அணிய வேண்டும், மேலே ஒருவர் கயிறு பிடிக்க வேண்டும். களஞ்சிய வேலையாள் பவுல் கயிற்றை எடுத்துப் பட்டியின் வளையத்தில் கோக்கத் தெரியாமல் திண்டாடிக்கொண்டிருந்தான். முற்றத்து வாசலில் ஆள் நிழல் விழுந்தது. ஜோக்கிம் வந்தார். அற்புதமலர்தான் சொல்லியிருப்பாள். அவர் மத்தியாஸைப் பார்க்கவில்லை, மகளையும் பார்க்கவில்லை. பவுலின் கையிலிருந்து கயிற்றை வாங்கினார். முடிச்சைப் போட்டு இழுத்துப் பார்த்தார், அவிழ்த்தார், மறுபடி போட்டார். அவளுடைய தோளருகே அவருடைய மூச்சு சூடாக வந்து போனது.

"தடக்கினால் கூப்பிடு," என்றார். "உடனை கூப்பிடு. பொறுத்துப் பாக்காதை."

"ஓம் அப்பா."

விசிறி உறுமியது. அளவுகருவி பச்சை விளக்கோடு பேசாமல் இருந்தது. அவள் கைப்பிடியைப் பிடிக்காமல் சுவரில் உள்ளங்கையை வைத்து இறங்கினாள். ஈரக் கல்லும் புளித்த பழமும் மணத்தன. எந்தப் படி என்று அவளுக்குத் தெரியும். அதற்கு மேல் படியில் நின்று, மூச்சை இழுத்து, அடக்கி, அதைத் தாண்டிக் காலை வைத்தாள். அப்போது முதுகில் கயிறு விறைத்தது. அப்பா தளர்த்தவில்லை.  அவளும் திரும்பவில்லை. இறுகிய கயிறு மெல்ல நடுங்கிக்கொண்டிருந்தது. அது மேலேயிருந்து வருகிறதா, தன் உடம்பிலிருந்து போகிறதா என்று அவளுக்குத் தெரியவில்லை.