தொந்தரவு தராத நோயாளி

"உங்க ஊட்டுக்காரரு இன்னிக்கு நொம்ப நல்ல பேஷண்ட் அக்கா. ஒரு தொந்தரவும் இல்ல."

தீவிர சிகிச்சைப் பிரிவின் கதவைப் பாதி திறந்து சிஸ்டர் இளவரசி இப்படிச் சொன்னதும், என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த வெள்ளையன் மாமா எழுந்து கையெடுத்துக் கும்பிட்டார். அவர் என் கணவரின் அண்ணன். மலையிலிருந்து இறங்கி வந்த நாளிலிருந்து வருவோர் போவோர் எல்லாரையும் கும்பிட்டுக்கொண்டிருந்தார்.

எனக்குக் கும்பிடத் தோன்றவில்லை. ஏற்காட்டில் ஒரு லாட்ஜில் அறைகளைப் பார்த்துக்கொள்ளும் வேலை எனக்கு. நாங்களும் 'நல்ல கெஸ்ட்' என்று சொல்வதுண்டு. வெந்நீர் கேட்காதவர், போர்வையை மோந்து பார்க்காதவர், மணி அடிக்காதவர். அந்த ஆள் எப்படிப்பட்டவர் என்று எங்களுக்கு ஒன்றும் தெரியாது. எங்கள் கால் வலிக்கவில்லை என்பது மட்டும் தெரியும். என் கணவர் சிவக்குமார் எந்த லாட்ஜிலும் நல்ல கெஸ்ட்டாக இருக்க முடியாத மனிதர். டீயில் சர்க்கரை கூடினால் கடைக்காரரிடம் சண்டை. மிளகு வாங்க வரும் வியாபாரி தராசைத் தொட்டால் சண்டை. ஜீப்பில் முன் சீட்டுக்குச் சண்டை. எங்கள் ஊரான வாழவந்தியில் எங்கள் ஊடு எது என்று கேட்டால், சத்தம் வருகிற ஊட்டுக்குப் போங்க என்பார்கள்.

அந்த மனிதர் தொந்தரவு தரவில்லையாம்.

வயிற்று வலியை அவர் மூன்று நாள் மறைத்து வைத்திருந்தார். எங்கள் மலைச்சாமி சேர்வராயன் திருவிழாவுக்குக் காப்புக் கட்டியிருந்த நேரம் அது. வலி என்றால் ஆஸ்பத்திரிக்கு இழுத்துப்போவோம் என்று தெரியும். எங்கள் வகையறாவில் காப்புக் கட்டியவர் திருவிழா முடிகிறவரை கட்டிலில் உடம்பை வைக்கக்கூடாது. குளிரானாலும் காய்ச்சலானாலும் தரைதான். குடல்வால் வெடித்துச் சீழ் பரவியபின் சேலத்துக்குக் கொண்டுவந்தோம். ஸ்ட்ரெச்சரில் ஏற்றும்போதே, "என்னைக் கீழ போடுங்கடா" என்று கத்தினார். ஆபரேஷனுக்கு முன்பு மணிக்கட்டில் இருந்த மஞ்சள் காப்பை வெட்டி எடுத்துவிட்டார்கள். வெட்டிய கயிற்றை யாரோ என் உள்ளங்கையில் வைத்தார்கள். அதை என் பர்ஸில் வைத்திருந்தேன்.

வாயில் குழாயோடு சில நாள் மயக்கத்தில் கிடந்தார். குழாயை எடுத்த பிறகு என்னை உள்ளே கூப்பிட்டார்கள். அவருடைய இரண்டு கைகளையும் பேண்டேஜ் துணியால் கட்டில் கம்பியோடு கட்டியிருந்தார்கள்.

"கட்டிலை விட்டு இறங்கி இறங்கிப் போறாருக்கா," என்றாள் இளவரசி. "கீழ கீழன்னு காட்டறாரு. தரையில என்னமோ தெரியுது போல. பூச்சியோ பாம்போ."

அவருக்குத் தொண்டை கட்டிப்போய்க் குரல் வரவில்லை. கட்டிய கையின் விரல்களால் தரையைக் காட்டினார். பிறகு என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையில் இருந்தது அவருடைய பழைய கோபம், முழுசாக. நீயாவது சொல்லித் தொலையேன் என்கிற கோபம்.

"ஏனுங்க சிஸ்டர், அவரு பூச்சியக் காட்டலீங்க. சாமிக்குக் காப்புக் கட்டினவரு. கட்டில்ல படுக்கக் கூடாதுன்னு இறங்கறாரு."

இளவரசி சிரித்தாள். பொல்லாத சிரிப்பில்லை, களைத்த சிரிப்பு. "அதுக்கு ஐசியூல பாய் விரிக்க முடியுங்களாக்கா?"

"பாய் விரிக்கச் சொல்லலீங்க. எதுக்கு இறங்கறீங்கன்னு அவருகிட்ட ஒரு வார்த்தை கேளுங்க. கட்டை மட்டும் அவுத்துடுங்க."

"வயித்துல இருக்கிற டியூப்பைப் புடுங்கிப்போட்டா யாருக்கா பதில் சொல்றது? டாக்டர் ஊசி எழுதியிருக்காரு. போட்டா அமைதியாயிருவாரு."

என் கண்ணெதிரே போட்டார்கள். நான் வெளியே வந்தேன். ஊசி வேலை செய்தது.

'நல்ல பேஷண்ட்' என்ற நற்சான்றிதழ் கிடைத்தது அதற்குச் சில நாள் கழித்துத்தான். அன்று பார்வை நேரத்தில் உள்ளே போனேன். கைக்கட்டு இல்லை. முகம் சவரம் செய்து பளிச்சென்று இருந்தது.

"பாத்தீங்களாக்கா, கட்டையும் அவுத்தாச்சு. இப்பெல்லாம் இறங்கறதே இல்ல," என்றாள் இளவரசி.

நான் குனிந்து, "ஏனுங்க," என்றேன்.

அவர் கண் மெதுவாக என் முகத்துக்கு வந்தது. "வாங்க," என்றார். குரல் திரும்பியிருந்தது. "சாப்ட்டீங்களா?"

கல்யாணம் ஆன நாளிலிருந்து என்னை அவர் 'புள்ள' என்றுதான் கூப்பிடுவார். கோபம் வந்தால் அதுவும் இல்லை, வெறும் 'ஏய்'. வாங்க என்று அவர் சொன்ன விதம், எங்கள் லாட்ஜுக்கு வருகிற முன்பின் தெரியாதவர்களிடம் நான் சொல்கிற விதம். விரல்கள் போர்வையிலிருந்து எதையோ கிள்ளிக் கிள்ளிப் போட்டுக்கொண்டிருந்தன.

"கட்டில்ல படுத்திருக்கீங்களே, காப்பு என்னாவறது?" என்று கேட்டேன். கோபப்படுவார் என்று ஆசைப்பட்டுக் கேட்டேன்.

"சரிங்க," என்றார்.

வெளியே வந்ததும் வெள்ளையன் மாமாவிடம் சொன்னேன். "மாமா, உள்ள இருக்கிறது அவரு இல்லீங்க."

"என்ன அம்மிணி பேசற? எங்கூடவும் நல்லாத்தான பேசினான்? அண்ணா வாங்கன்னான்."

"உங்கள என்னைக்கு அவரு வாங்கன்னு கூப்ட்டாரு?"

மாமா துண்டால் முகத்தைத் துடைத்தார். "அவங்களப் பகைச்சுக்காத அம்மிணி. நாளைக்கு வார்டுக்கு மாத்தறாங்களாமா. நம்ம உசுரு அவங்க கையில இருக்குது. ஏதாச்சும் சொல்லி, சரியாப் பாக்காம உட்டுட்டாங்கன்னா?"

அந்த பயம் எனக்கும் இருந்தது. மலையில் வாய் ஓயாதவர்கள் நாங்கள், இங்கே வந்ததும் ஒவ்வொரு சொல்லுக்கும் இரண்டு 'ங்க' போட்டுப் பேசினோம். பெஞ்சில் உட்கார்ந்து என்னையே கேட்டுப் பார்த்தேன். சாவிலிருந்து மீண்டவர் கொஞ்சம் மரியாதையாகப் பேசினால் உனக்கு ஏன் பொறுக்கவில்லை? உன்னை அடையாளம் தெரியவில்லை என்ற வலியைத்தான் நோய் என்கிறாயா? இத்தனை வருஷம் அவர் சத்தம் போடாமல் இருக்கமாட்டாரா என்று ஏங்கியவள்தானே நீ? ஆமாம், ஏங்கியிருக்கிறேன். அதனாலேயே அந்த அமைதியைப் பார்த்ததும் எனக்குத் தெரிந்துவிட்டது. நான் கேட்ட அமைதி அதில்லை. சாகக் கிடந்தபோதும் ஸ்ட்ரெச்சரிலிருந்து இறங்கப் பார்த்த மனிதர், இப்போது அதே கட்டிலில் மல்லாந்து கிடந்து 'சரிங்க' என்கிறார். இறங்கியபோது புத்தி கெட்டுவிட்டது என்று கட்டினார்கள். புத்தி போன பிறகு நல்லவர் என்று அவிழ்த்துவிட்டார்கள்.

நினைக்க நினைக்க உடம்பு எரிந்தது. வார்டுக்கு மாற்றிவிட்டால் அங்கிருந்து வீடு. பிறகு யாரிடம் போய்ச் சொல்வது?

மறுநாள் காலை ரவுண்ட்ஸ் முடித்து டாக்டர் சரண்யா வெளியே வந்தபோது நான் கதவை மறித்து நின்றேன். மாமா என் முந்தானையைப் பின்னாலிருந்து இழுத்தார்.

"டாக்டரம்மா, எங்க ஊட்டுக்காரருக்குப் புத்தி சரியில்லீங்க."

"சிவக்குமார்தானே? நல்லா இருக்காரும்மா. பேரு கேட்டா சொல்றாரு. எங்க இருக்கீங்கன்னா ஆஸ்பத்திரிங்கறாரு."

"எங்க லாட்ஜுல ஒரு கிளி இருக்குதுங்க. அதுவும் கேட்டா ஊர்ப் பேரு சொல்லும்."

டாக்டரின் முகம் சிவந்தது. சின்ன வயசு. திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். நான் நிறுத்தவில்லை. "அவரு கத்துனப்ப எல்லாரும் ஓடி வந்தீங்க. கட்டுனீங்க, ஊசி போட்டீங்க. இப்ப வாயடைச்சுக் கெடக்கறாரு, ஒருத்தரும் கிட்டப் போகல. கத்துனா மட்டுந்தான் நோயுங்களா?"

அவள் ஐசியூ கதவை மறுபடி திறந்தாள். பிறகு, "உள்ள வாங்க," என்றாள்.

அவர் கையைத் தன் கைக்குள் வைத்துக்கொண்டாள். "சிவக்குமார், நான் ஒவ்வொரு எழுத்தா சொல்வேன். 'அ'ன்னு சொல்றப்ப மட்டும் என் கையை அழுத்துங்க. சரிங்களா?"

"சரிங்க."

அவள் நிறுத்தி நிறுத்தி எழுத்துகளைச் சொன்னாள். முதல் 'அ'வுக்கு அழுத்தினார். அடுத்த 'அ'வுக்கு அழுத்தவில்லை. பிறகு 'க'வுக்கு அழுத்தினார், 'ம'வுக்கு அழுத்தினார். பாதியில் கை தளர்ந்துவிட்டது. கண் விளக்கைப் பார்த்தது.

"கல்லு தண்ணியில மிதக்குமா?"

"மிதக்குங்க."

"மீன் தண்ணியில இருக்குமா?"

"சரிங்க."

இளவரசி ஊசித் தட்டோடு அப்படியே நின்றுவிட்டாள். சின்னக் குழந்தையும் சிரித்துக்கொண்டே சரியாகப் பதில் சொல்லும் கேள்விகள் அவை. ஏரியில் கல் எறிந்து வளர்ந்த மனிதர், கல் மிதக்கும் என்று மரியாதையோடு சொல்லிக்கொண்டிருந்தார். நான் சொன்னது சரி என்று ஆகிவிட்டதில் எனக்கு ஒரு துளி சந்தோஷமும் இல்லை.

டாக்டர் என்னை ஜன்னல் ஓரத்துக்குக் கூட்டிப்போனாள். இதற்கு டெலிரியம் என்று பெயராம். உடம்பின் நோயோ, மருந்தோ, தூக்கமில்லாமையோ மூளையைக் குழப்பிவிடுவது. சிலர் கத்துவார்கள், பிடுங்குவார்கள். நிறையப் பேர் அமைதியாகிவிடுவார்கள். அமைதியாக வருவது சுலபமாகத் தப்பிப் போய்விடும் என்றாள்.

"இந்தக் கையைப் புடிச்சுக் கேக்கறத எல்லாருக்கும் கேக்கணுங்களா?"

"கேக்கணும். தினமும்." அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. "ஆளு கம்மி. சத்தம் போடறவங்களுக்குத்தான் போய்ச் சேருது."

"மொதல்ல இறங்குனாரே, அப்பவும் இதானுங்களா?"

"இருந்திருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். அப்பவும் யாரும் கேட்டுப் பாக்கலம்மா."

வார்டுக்கு மாற்றுவது நின்றது. ஸ்கேன் எடுத்தார்கள். வயிற்றுக்குள் மறுபடி சீழ் கட்டியிருந்தது. குழாய் வைத்து வடித்தார்கள். மயக்க ஊசியை நிறுத்தினார்கள். கட்டிலை ஜன்னல் பக்கம் தள்ளிப் போட்டார்கள், பகல் பகலாகத் தெரியட்டும் என்று. என் பையில் சும்மா கிடந்த அவர் கண்ணாடியைக் கேட்டு வாங்கி மாட்டினார்கள். பகலில் நான் பக்கத்தில் உட்காரலாம் என்றார்கள். இத்தனையும் முதல் நாளே செய்திருக்கக்கூடியவை என்று புரிந்தபோது, என் கோபம் தணிவதற்குப் பதில் ஒரு சுற்றுப் பெருத்தது.

வெட்டிய காப்புக் கயிற்றை வெள்ளையன் மாமாவிடம் கொடுத்தேன். வாங்கித் துண்டில் முடிந்துகொண்டார். "தம்பிக்குப் பதிலா அண்ணன் கட்டிக்கலாம். முறை இருக்குது," என்றார். அன்றே பஸ் ஏறி மலைக்குப் போனார். எல்லாரையும் கும்பிட்டுக்கொண்டிருந்த மனிதர், போகும்போது யாரையும் கும்பிடவில்லை.

மூளை ஒரேயடியாகத் திரும்பி வருவதில்லை. ஒரு நாள் என் பெயர் வந்தது, அடுத்த நாள் போய்விட்டது. ஒருநாள் மத்தியானம் நான் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்தேன்.

"ஏம்புள்ள," என்றது குரல். "என்னைக் கட்டில்ல போட்டது எவன்?"

கையிலிருந்த சுளை கீழே விழுந்தது. "படுத்திருங்க. காப்பை உங்கண்ணன் வாங்கிக் கட்டிக்கிட்டாரு. அவருதான் தரையில படுக்கறாரு."

"அண்ணனா?" உதட்டைப் பிதுக்கினார். "அண்ணன் உடற கொறட்டைக்குச் சாமியே மலை எறங்கிப் போயிருமே." பிறகு கஞ்சிக் கிண்ணத்தைப் பார்த்து முகம் சுளித்தார். "இதென்னது, சுவத்துக்கு அடிக்கிற சுண்ணாம்பா? உப்புப் போடச் சொல்லு."

எதிர்க்கட்டில் பக்கமிருந்து இளவரசி திரும்பினாள். "என்னக்கா, மறுபடி தொந்தரவு ஆரம்பிச்சுட்டாரா?"

"ஆமாங்க," என்றேன். "அவரு இதுதானுங்க. மறந்துராதீங்க."

அவள் சிரிக்கவில்லை. கிண்ணத்தை எடுத்துக்கொண்டு போய் உப்புப் போட்டுக் கொண்டுவந்தாள்.

யாரும் மன்னிப்புக் கேட்கவில்லை. டாக்டர் சரண்யா மட்டும், "நல்ல வேளை, நீங்க கவனிச்சுச் சொன்னீங்க," என்றாள். பாராட்டாகத்தான் சொன்னாள். எனக்கு அது பாராட்டாகக் கேட்கவில்லை. என் லாட்ஜ் முதலாளி லீவு தராமல் இருந்திருந்தால்? நான் மாமாவைப் போலக் கும்பிட்டுக்கொண்டு நின்றிருந்தால்? பேசாத பெண்டாட்டி வாய்த்தவர்களுக்கு எந்த வேளை நல்ல வேளை?

அன்று சாயங்காலம் வெளியே பெஞ்சுக்கு வந்தேன். ஏற்காடு பஜாரில் மளிகைக் கடை வைத்திருக்கும் மாரியப்பன் அங்கே உட்கார்ந்திருந்தார். அவருடைய அம்மா பழனியம்மாளுக்கு இடுப்பெலும்பு ஆபரேஷன். எங்களுக்கு அடுத்த கட்டில். நான் பார்த்த நேரமெல்லாம் அந்தம்மா கண்ணைத் திறந்துகொண்டு சுவரைப் பார்த்தபடி இருந்தார்.

"எங்கம்மா தேவலைங்க," என்றார் மாரியப்பன், முகமெல்லாம் மலர்ச்சி. "ஒரு தொந்தரவும் தர்றதில்லையாமா. நொம்ப நல்ல பேஷண்ட்டுன்னு சொல்றாங்க."

"அம்மா ஊட்ல எப்படிங்க?"

"ஊட்லயா?" அவர் சிரித்தார். "அதையேனுங்க கேக்கறீங்க, கடைக்கு வர்றவங்க பூரா பேத்தையும் ஒரு வழி பண்ணிரும். தூங்கறப்பத்தான் வாய் மூடு—"

பாதியில் நிறுத்திவிட்டார். சிரிப்பு முகத்தில் அப்படியே நின்று, பிறகு கொஞ்சம் கொஞ்சமாக இறங்கியது. மூடியிருந்த கதவைப் பார்த்தார். என்னைப் பார்த்தார்.

"எந்திரிங்க," என்றேன். "டாக்டரம்மா உள்ளதான் இருக்காங்க."