போன் அடிக்கக் கூடாத ஞாயிற்றுக்கிழமை

காலை எட்டு மணிக்கே வசந்தினி வீட்டிலிருந்த கைத்தொலைபேசிகளை எல்லாம் பிடுங்கிக் குசினி மேசையில் வரிசையாக வைத்துவிட்டாள். அப்பாவுடையது, அம்மாவுடையது, தன்னுடையது, கடைசியில் தம்பி நிஷானுடையது. முதல் மூன்றும் தொண்டை கிழிய அடித்தாலும் பரவாயில்லை. நாலாவது மட்டும் பகல் பன்னிரண்டு மணி வரைக்கும் வாயைத் திறக்கக் கூடாது. பன்னிரண்டுக்குள் பயிற்சியாளரிடமிருந்து அதில் அழைப்பு வந்தால் நிஷானுக்கு அணியில் இடமில்லை. வராவிட்டால் இடம் உண்டு.

“இதென்ன விசர்ப் பழக்கம்?” என்றாள் தாய் ஜெயமதி. “எடுத்த பிள்ளையளுக்கெல்லோ போன் பண்ணிச் சொல்லவேணும்?”

“எடுக்காத ஆக்களுக்குத்தானம்மா சொல்லுவினம். அவங்கள் சாமானெல்லாம் திருப்பிக் குடுக்கவேணும். ஹெல்மெட், ஆட்டத் திட்டப் புத்தகம், எல்லாம். எடுத்த ஆக்கள் நாளைக்கு வழமை மாதிரிப் பயிற்சிக்குப் போகவேண்டியதுதான்,” என்றாள் வசந்தினி.

தகப்பன் மரியதாசன் பால்கனிக் கதவடியில் நின்றார். ஐந்து மணிக்கே எழும்பி பால்கனியை இரண்டு தரம் கூட்டியாகிவிட்டது. மூன்றாம் தரம் கூட்டுவதற்கு அங்கே தூசி இல்லை. கிழமை முழுவதும் மீன் மொத்த வியாபாரி ஒருவரின் லாரி ஓட்டுகிற மனிதருக்கு ஞாயிறு ஒன்றுதான் நித்திரை கொள்ளும் நாள். அதுவும் போயிற்று. மேலே சட்டையில்லாமல், உறைந்த பட்டாணிப் பை ஒன்றைத் தோளில் அழுத்தியபடி, மகன்காரன் ஐந்தாவது முட்டையைத் தின்றுகொண்டிருந்தான். இவனால் எப்படித் தின்ன முடிகிறது என்று அவருக்கு ஆச்சரியமாகவும் கொஞ்சம் கோபமாகவும் இருந்தது.

நிஷான் ஆடுவது கால்பந்து. மட்டக்களப்பில் மரியதாசன் ஆடிய கால்பந்து அல்ல. “பேர்தான் கால்பந்து, வேலை முழுக்கக் கையால” என்று அவர் தெரிந்தவர்களுக்கு விளக்கம் கொடுப்பார். பத்து யார்ட் முன்னேற மூன்று வாய்ப்பு. ஒருவன் பந்தை எறிவான், ஐந்தாறு பேர் ஓடுவார்கள், ஓடுகிறவர்களைக் கொன்றுபோடுவதுபோல இன்னும் கொஞ்சப் பேர் வருவார்கள். இதற்குள் ஓரமாக ஓடிப்போய் அந்தரத்தில் வரும் பந்தைப் பிடிக்கிறவனுக்கு வைட் ரிசீவர் என்று பெயர். அதுதான் நிஷான். அவனுக்குப் பதினைந்து வயதாக இருந்தபோது உடற்பயிற்சி வாத்தியார் அவனை ஓடவிட்டு நேரத்தைப் பார்த்தாராம். கடிகாரம் பழுது என்று நினைத்து இன்னொன்றைக் கொண்டுவந்து திரும்பவும் ஓடவிட்டாராம். அன்றைக்குத் தொடங்கியது.

பள்ளிக்கூடம் முடித்துச் சேஜெப் என்கிற கியூபெக் கல்லூரியில் சேர்ந்த வருடம் மகனின் ஆட்டம் ஒன்றைப் பார்க்க மரியதாசன் முதன்முறையாகப் போனார். முதல் பந்தைப் பிடித்த நிஷான் மேல் இரண்டு தடியன்கள் வந்து விழுந்தார்கள். அடுத்த கணம் மரியதாசன் வேலியைத் தாண்டிவிட்டார். “ஆரடா என்ட பிள்ளையில கை வச்சது?” என்று தூய மட்டக்களப்புத் தமிழில் கத்திக்கொண்டு, பனிக்காலச் சப்பாத்துடன் மைதானத்தின் நடுவுக்கே ஓடினார். நடுவர் குற்றம் காட்டும் துணியை எறிந்தார். பெயர்ப்பட்டியலிலேயே இல்லாத ஒரு மனிதருக்காக மகனின் அணி பதினைந்து யார்ட் பின்னுக்குப் போகும் தண்டனை வாங்கியது. வீட்டுக்கு வந்து நிஷான் அழுதான். “அப்பா, இனி வராதேங்கோ. ப்ளீஸ்.” அவர் போகவில்லை. அதற்குப் பிறகு பல்கலைக்கழகத்தில் நாலு வருடம் ஆடினான், முழங்காலில் கத்தி வைத்து ஒரு வருடம் கிடந்தான், திரும்பவும் எழும்பிக் கோப்பை வென்றான். அவ்வளவையும் மரியதாசன் லாரியை ஓரங்கட்டிவிட்டு உள்ளங்கையளவு திரையில்தான் பார்த்தார். அடி விழும் இடங்களில் கண்ணை மூடிக்கொள்வார்.

போன வருடம் தொழில்முறை அணிகள் ஆள் எடுக்கும் நாளில் எழுபத்தொரு பெயர்கள் வாசித்தார்கள். எழுபத்தோராவது நிஷான். மேற்கே ஒரு அணி எடுத்தது. கோடை முழுவதும் பயிற்சி கொடுத்துவிட்டு ஒரு காலையில் போன் பண்ணி அனுப்பிவிட்டது.

“நாப்பத்திரண்டு செக்கன் அப்பா,” என்று விமான நிலையத்தில் நிஷான் சொன்னான். “பேந்து போனைப் பாத்தன். நாப்பத்திரண்டு செக்கன்தான் கதைச்சிருக்கினம்.”

மரியதாசன் பையை வாங்கிக் காரில் வைத்தார். அந்தப் போனை அடித்தவனை இன்றுவரைக்கும் அவர் மன்னிக்கவில்லை.

இந்த வருடம் சொந்த நகரத்து அணியே முகாமுக்குக் கூப்பிட்டிருந்தது. நிஷானுக்கு இருபத்தைந்து முடிந்துவிட்டது. “இந்தமுறையும் இல்லையெண்டா காணும்” என்று சொல்லி, ஆற்றுக்கு அந்தப் பக்கம் லொங்குய்யில் ஒரு காப்புறுதிக் கந்தோரில் வேலைக்கும் எழுதிப் போட்டிருந்தான். அணியில் மிச்சமிருந்தது ஒரே ஒரு இடம். அதற்கு மூன்று பெடியன்கள்.

நேற்றுப் பகல்தான் கடைசி முன்னோட்ட ஆட்டம். எட்டு வருடத் தடையை நிஷானே நீக்கினான். ஒரே ஒரு நிபந்தனை, கதிரையை விட்டு எழும்பக் கூடாது. மரியதாசன் இரண்டு கையாலும் கதிரையைப் பிடித்துக்கொண்டு இருந்தார். இரண்டாவது கால்பகுதியில், சின்னக் குழந்தை பிடிக்கக்கூடிய ஒரு பந்து நிஷானின் விரல்களில் பட்டு விழுந்தது. ஜெயமதி முகத்தைப் பொத்திக்கொண்டாள். கடைசிக் கால்பகுதியில் இவர்கள் இருந்த பக்கமாகவே பந்து உயரமாக, மிக உயரமாக வந்தது. யாருக்கும் இல்லாத பந்து. வெளியே போகிற பந்து. நிஷான் எங்கிருந்து வந்தான் என்று தெரியவில்லை, இரண்டு பேருக்கு நடுவில் எழும்பினான், எழும்பிக்கொண்டே இருந்தான். விரல் நுனியால் பிடித்து, கோட்டுக்குள்ளே ஒரு காலை ஊன்றினான். ஒரு கால் போதும், அதுதான் இங்கே விதி. ஊன்றிய அதே கணத்தில் ஒருவன் பின்னாலிருந்து வந்து முதுகில் மோத, நிஷான் குப்புற விழுந்தான். அசையவில்லை. மரியதாசனின் கால்கள் துடித்தன. கதிரையை விடவில்லை. ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணினார். ஒன்பதில் நிஷான் பந்துள்ள கையைத் தூக்கினான்.

மைதானமே ஆர்ப்பரித்தது. ஒலிபெருக்கியில் அறிவிப்பாளர் அடிவயிற்றிலிருந்து இழுத்துக் கத்தினார். “மாரியாஆ… தஸாஆஆன்!”

“ஓம்!” என்று மரியதாசன் எழுந்து நின்றுவிட்டார்.

பாவம், அவரைக் குறை சொல்லி என்ன செய்வது? நம்மவர்களுக்குக் குடும்பப் பெயர் என்று தனியாக ஒன்று இல்லை. அப்பன் பெயர்தான் பிள்ளையின் பெயருக்குப் பின்னால் நிற்கும். இங்குள்ளவர்கள் அதையே குடும்பப் பெயர் என்று பிடித்துக்கொண்டார்கள். ஆகவே பாய்ந்து பிடித்தவன் நிஷான், இருபதாயிரம் பேருக்கு முன்னால் கூப்பிட்டது மரியதாசனை. பின்னால் இருந்த கிழவர் தோளில் தட்டி இருக்கச் சொல்லும் வரைக்கும் அவர் நின்றுகொண்டே இருந்தார். காது இரண்டும் சுட்டது. சந்தோசத்தில் அழுகை வந்தது.

ஆனால் பிடித்தது ஒன்று, விட்டது ஒன்று. எதைப் பார்ப்பார்கள் என்று யாருக்குத் தெரியும்?

எட்டு நாற்பதுக்குக் குசினி மேசையில் நாலாவது போன், நிஷானுடையது, அடித்தது. ஜெயமதி “மாதாவே!” என்று சுவரோடு சாய்ந்தாள். வசந்தினி திரையைப் பார்த்தாள். ஸ்கார்பரோவிலிருந்து சிவராசா சித்தப்பா.

“என்ன பிள்ளை, தம்பிய எடுத்திட்டாங்களோ?”

“சித்தப்பா, இந்த நம்பருக்கு எடுக்காதேங்கோ! வையுங்கோ!”

இப்படியே விட்டால் ஆபத்து என்று ஜெயமதி ஒரு யோசனை செய்தாள். சொந்தக்காரர்கள் எல்லாரும் இருக்கும் வாட்ஸ்அப் குழுவில், ‘பன்னிரண்டு மணி வரைக்கும் நிஷானுக்கு ஒருத்தரும் போன் பண்ணவேண்டாம்’ என்று எழுதிப் போட்டாள். அதுதான் பெரிய பிழை. நம்மவர்களிடம் ஒன்றைச் செய்யாதே என்று சொன்னால், ஏன் என்று கேட்காமல் இருப்பார்களா? கேட்பதற்கும் போன்தானே வேண்டும்? ஜெயமதியிடம் கேட்டால் சண்டைக்கு வருவாள் என்று நிஷானிடமே கேட்டார்கள். லண்டனிலிருந்து கேட்டார்கள், பாரிஸிலிருந்து கேட்டார்கள். பிள்ளைக்கு ஏதும் வருத்தமோ என்று நீர்கொழும்பிலிருந்து ஒருவர் அழாக்குறையாகக் கேட்டார். ஒவ்வொரு தடவையும் நாலு பேரின் உயிரும் போய்ப் போய் வந்தது. போனை அணைத்துவிடலாம் என்றாள் ஜெயமதி. நிஷான் தலையாட்டினான். “வேணாம் அம்மா. வாறதெண்டா வரட்டும். நான் ஒளிக்கமாட்டன்.”

பதினொன்றரைக்கு மட்டக்களப்பிலிருந்து அருளம்மா மாமி, மரியதாசனின் தங்கை, முகம் பார்த்துப் பேசும் அழைப்பில் வந்தாள். நிஷானின் விரல் தவறிப் பச்சையில் பட்டுவிட்டது. மாமியிடம் அகப்பட்டவன் இலேசில் தப்ப முடியாது.

“திரும்பு மனே, முதுகக் காட்டு. ஐயோ, இதென்ன கறுத்துப் போய்க் கிடக்கு! அண்ணன் எங்க? பாத்துக்கொண்டா நிண்டவர்?”

நிஷான் போனைக் குழாய்க்குப் பக்கத்தில் சாய்த்து வைத்துவிட்டு, மாமி வாழ்த்தட்டும் திட்டட்டும் என்று பாத்திரம் கழுவத் தொடங்கினான். பயத்தை மறைக்கத்தான் கழுவுகிறான் என்று மரியதாசனுக்கு அப்போதுதான் தெரிந்தது. முட்டைக் கோப்பை ஒன்றையே மூன்றாவது முறையாகக் கழுவிக்கொண்டிருந்தான்.

பதினொன்று நாற்பதுக்கு மரியதாசனின் போன் அடித்தது. தெரியாத எண். உள்ளூர் எண்.

“மெஸியூ மரியதாசன்?”

“வி. செ முவா,” என்றார். ஆமாம், நான்தான்.

மறுமுனையில் ஒரு வயதான குரல், கியூபெக் பிரெஞ்சில் அவசரமாகப் பேசியது. மற்ற எண்ணுக்குப் பத்து நிமிடமாக எடுத்துப் பார்த்ததாம், யாரோ பேசிக்கொண்டே இருக்கிறார்களாம், அதனால் தாளில் இருந்த அடுத்த எண்ணுக்கு எடுத்ததாம். தான் அணியின் சாமான் அறையிலிருந்து பேசுவதாகச் சொன்னது.

சாமான் அறை. ஹெல்மெட். புத்தகம். மரியதாசன் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். பயிற்சியாளர்கூட இல்லை, சாமான் எண்ணுகிறவனை விட்டுப் பேசவைத்திருக்கிறார்கள். நாற்பத்திரண்டு செக்கன்கூட இல்லாமல் முடிக்கப் போகிறார்கள். ‘ஐயா, நீங்கள் தேடுகிற மரியதாசன் நான் இல்லை, என் மகன்’ என்று சொல்ல வாயைத் திறந்தார். பிறகு மூடிக்கொண்டார். விழுகிற அடி முதலில் தன்மேல் விழட்டும். இந்த முறை எந்த நடுவர் தடுப்பார்? அறை முழுவதும் தன்னையே பார்ப்பது தெரிந்தது. நிஷான் மட்டும் திரும்பவில்லை. குழாய்த் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது, கை அசையவில்லை.

“சொல்லுங்கள்,” என்றார் பிரெஞ்சில்.

“உங்கள் பெயர் ஒரு தாளில் ஒரு மாதிரியும் இன்னொரு தாளில் வேறு மாதிரியும் இருக்கிறது,” என்றது குரல். “எழுத்தெழுத்தாகச் சொல்லுங்கள்.”

“எதற்கு?”

“எதற்கா? சட்டையில் தைக்கத்தான். வியாழக்கிழமை ஆடப் போகிறவர்களுக்கு மட்டும்தான் பெயர் தைப்போம். தைக்கிற அம்மா பன்னிரண்டு மணிக்கு வீட்டுக்குப் போய்விடுவாள். கெதியாகச் சொல்லுங்கள் ஐயா.”

மரியதாசனுக்குக் காது அடைத்தது. ஜெயமதி அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, எல்லாம் போயிற்று என்று நினைத்து விம்மத் தொடங்கினாள். அவர் கையை நீட்டி அவளை நிறுத்தினார். சிரிக்க வந்தது, கத்த வந்தது, ஆனால் எதையும் செய்ய நேரமில்லை, அந்த அம்மா பன்னிரண்டு மணிக்குப் போய்விடுவாள்.

“எம்,” என்றார். பிறகு அடுத்த வீட்டுக்கும் கேட்கிற மாதிரி, பிரெஞ்சு எழுத்துகளிலேயே திரும்பவும் சொன்னார். “எம். ஆ. எர். இ.”

“பெயர் நீளமாக இருக்கும்போல. சுருக்கிப் போடவா?”

“வேண்டாம். முழுவதும் போடுங்கள்.”

குழாய் நின்றது.

வை எழுத்துக்கு “இ கிரெக்,” என்றார் மரியதாசன். “ஆ. தே.”

வசந்தினி வாயைப் பொத்திக்கொண்டு, இருந்த இடத்திலேயே துள்ளினாள். “அண்ணன் என்ன, ஏபிசிடி படிக்கிறாரோ?” என்று மாமி குழாயடியிலிருந்து கேட்டாள். யாரும் அவளுக்குப் பதில் சொல்லவில்லை. மரியதாசன் மகனின் வெற்று முதுகையே பார்த்துக்கொண்டிருந்தார். இடது தோளில் எம் தொடங்கியது. நேற்று அடி விழுந்து கறுத்த இடத்துக்கு, நடு முதுகுக்கு, அஷ், அதாவது எச், வந்தது. அதற்கு அப்பால் ஆ, எஸ், ஆ என்று கண்ணாலேயே ஒவ்வொன்றாக வைத்துக்கொண்டு போனார். கடைசி எழுத்து வலது தோளுக்கு வந்தபோது அந்தத் தோள் குலுங்கத் தொடங்கியிருந்தது.

“என்,” என்றார் மரியதாசன்.