கழுத்துப் பட்டியில் ஒரு கோணல் தையல்

அக்காவுக்குத் தையல் கடையில் வேலை. பகலெல்லாம் ஊரார் துணி. மாலையில் தங்கை சிட்டுவுக்கு வேஷம் தைத்தால்தான் அவளுக்குச் சோறு இறங்கும். ஜப்பானிய அனிமே கார்ட்டூன் தொடரில் வரும் வெள்ளி முடி வாள்காரியின் வேஷம் அது. ஃபோம் அட்டையைச் சூடு காட்டி வளைத்துக் கவசம்கூடச் செய்திருந்தாள். ரசிகர் கூட்டங்களில் சிட்டு அதைப் போட்டு நின்றால் வரிசை வாசல்வரை போகும். ஆனால் அங்கே ஒரு கட்டுப்பாடு உண்டு: கேட்டுவிட்டுத்தான் படமெடுக்க வேண்டும், கை எட்டாத தூரத்தில் நிற்க வேண்டும். வாலில்லாத குரங்குகள்கூட அங்கே வந்தால் அடங்கி நிற்கும்.

பிறகு விஆர் வீடியோக்காரர் வந்தார். வீடியோவை வாங்குகிற ரசிகர் வீட்டில் கண்ணில் கருவியை மாட்டிக்கொண்டால் சிட்டு எதிரிலேயே நிற்பாளாம். சிட்டுவுக்கு மனமில்லை. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழியை உடைக்காதே என்று அக்காதான் பிடித்துத் தள்ளினாள்.

கேமராதான் ரசிகரின் கண், இன்னும் கிட்ட வந்து சிரியுங்கள் என்றார் வீடியோக்காரர். சிட்டு மூக்கு இடிக்கிற அளவுக்குக் குனிந்து வந்து சிரித்தாள். கழுத்துப் பட்டியின் உள்பக்கம் ஒரு தையல் கோணலாகப் போயிருந்தது. அவ்வளவு கிட்டப் போய் யார் பார்க்கப் போகிறார்கள் என்று அக்கா அதைப் பிரிக்காமல் விட்டிருந்தாள்.

அடுத்த கூட்டத்தில் ஒருவன் வரிசையை விட்டு நேராக வந்தான். கேட்கவில்லை. சிட்டுவின் கழுத்துப் பட்டியை விரலால் விலக்கினான்.

"இந்தத் தையல இன்னும் பிரிக்கலையா?"

வீட்டு மனிதர் கேட்பதுபோல் இருந்தது. அவன் விரல் கழுத்தில் பட்டது. கழுத்து சூடாக இருக்கவே அவனே திடுக்கிட்டுக் கையை இழுத்துக்கொண்டான். காவலாளி பிடித்துக்கொண்டு போகையில் அழுதான்.

"தினமும் வீட்டுல இவ்வளவு கிட்டதான் நிப்பேன். ஒரு நாளும் அவங்க விலகினதில்லையே."

அவன் நடிக்கவில்லை.

அதன் பிறகு சிட்டு வேஷம் போடவில்லை. அளவு நாடாவோடு அக்கா பக்கத்தில் போனால்கூடத் தோளைக் குறுக்கிக்கொண்டாள். வீடியோவை எடுத்துவிடச் சொல்லி அக்கா கெஞ்சியதற்கு, வாங்கியவர்கள் வீட்டிலிருந்து எப்படிப் பிடுங்குவது என்று கேட்டார் வீடியோக்காரர்.

எதை விற்றோம் என்றாவது பார்க்கலாமென்று ஒரு மாலை அக்கா கருவியை இரவல் வாங்கி மாட்டினாள். சிட்டு நின்றாள். பழைய சிட்டு. சிரித்துக்கொண்டே கிட்ட வந்தாள், விலகவில்லை. எத்தனை நாளாயிற்று இந்தச் சிரிப்பைப் பார்த்து! அக்காவின் கை தானாக நீண்டு அந்தக் கன்னத்தைத் தடவப் போனது, காற்றைத்தான் தடவியது.

கருவியைக் கழற்றினாள். அறை வாசலில் சிட்டு சுவரோடு ஒட்டி நின்றிருந்தாள். இன்னும் நீண்டிருந்த அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நீயுமாக்கா?" என்றாள்.