சேர்ச்சடி வளைவு

கார் பழக்குகிறவனுக்குப் பொறுமை வேண்டும் என்பார்கள். எனக்கு அது மருந்துக்கும் கிடையாது. ஜெர்மனியில் லொறி ஓட்டிவிட்டு லண்டனுக்கு வந்து, இல்ஃபேர்ட் பக்கத்தில் எங்கள் சனத்துக்கு டிரைவிங் சொல்லிக்கொடுக்கத் தொடங்கிய நாளிலிருந்து என் தொண்டை கட்டாத கிழமை இல்லை. பிள்ளையார் கோயிலைக் கண்டதும் ஸ்டியரிங்கை விட்டுவிட்டு இரண்டு கையாலும் கன்னத்தில் போட்டுக்கொண்ட பென்சன்காரர், டெஸ்டுக்குப் போகும்போது என் காரின் நாலு சில்லுக்கும் தேசிக்காய் வைத்த மனுசி, ராகு காலம் என்று டெஸ்டுக்கே வராமல் விட்ட கணக்காளர் என்று எல்லாரையும் பார்த்தவன் நான். ஆனால் அஞ்சலீனா வதைத்த மாதிரி ஒருத்தரும் என்னை வதைத்ததில்லை.

ஓட்டத் தெரியாத வதை என்றால் பரவாயில்லை. அவளுக்கு ஓட்டம் கைவந்துவிட்டது. பாரலல் பார்க்கிங்கில் என்னையே தோற்கடிப்பாள். கோளாறு வேறு இடத்தில் இருந்தது.

அவளுடைய கணவன் செபமாலைமுத்து, மன்னார் ஆள், எனக்கு நெடுநாள் பழக்கம். கிருஷ்ணராசாவின் மொத்தக் கடையிலிருந்து வால்தம்ஸ்டோ, ஹரோ என்று தமிழ்க் கடைகளுக்கெல்லாம் டெலிவரி வானில் சாமான் கொண்டுபோய் இறக்குவான். போன மார்கழி நத்தாருக்கு முதல் கிழமை குசினிக்குள் வலிப்பு வந்து விழுந்தான். ஒரு வருசத்துக்கு ஸ்டியரிங்கைத் தொடக்கூடாது என்று டாக்டர் சொல்லிவிட, லைசென்ஸ் தபாலில் திரும்பிப் போனது. அன்றிலிருந்து முன்னறை ஜன்னலருகே கதிரையைப் போட்டு, வாசலில் நின்ற வானைப் பார்த்துக்கொண்டே இருந்தான். கிருஷ்ணராசா நல்ல மனுசன். "அஞ்சலீனா லைசென்ஸ் எடுத்தால் ஓட்டம் அவவுக்குத்தான். ஜூன் முடியுமட்டும் பாப்பன். அதுக்குப் பிறகு என்னாலயும் ஏலாது" என்றான். இரண்டு பிள்ளைகள், வீட்டு வாடகை, எல்லாம் அந்த வானில்தான் தொங்கிக்கொண்டிருந்தன.

இனி கோளாறைச் சொல்கிறேன். அவளுக்கு ஒரே தம்பி, யாக்கோப்பு. பெண்சாதியோடு வன்னி யுத்தத்துக்குள் அகப்பட்டிருந்தான். தை மாதத்தோடு அவனிடமிருந்து போன் நின்றுவிட்டது. அன்றைக்கே இவள் அந்தோனியாருக்கு ஒரு நேர்த்தி வைத்தாள். யாக்கோப்பின் குரலைக் கேட்கும்வரை எந்த சேர்ச்சையும் சிலுவை போடாமல் தாண்டமாட்டாள். ஓரிடத்திலும் தவறவிடாவிட்டால் அவன் உயிரோடு வருவான். இதுதான் ஒப்பந்தம்.

பஸ்ஸில் போகிறவள் என்ன நேர்த்தியும் வைக்கலாம். குட்மேய்ஸ் டெஸ்ட் ரூட்டில் ஒரு சிறிய ரவுண்டபவுட் இருக்கிறது. அதில் இடது பக்கம் திரும்பினால் ரோட்டு உடனே வளையும். அந்த வளைவில், ரோட்டோடு ஒட்டி, ஒரு சிவப்புச் செங்கல் சேர்ச். இரண்டு கையும் ஸ்டியரிங்கில் இருந்தே ஆகவேண்டிய இடம் அதுதான். மார்ச்சில், முதல் டெஸ்டில், அவள் அங்கே வலக்கையைத் தூக்கி நெற்றிக்குக் கொண்டுபோனாள். கார் நடுக்கோட்டைத் தாண்டியது, பரீட்சகர் தன் பக்கத்துப் பிரேக்கை மிதித்தார், கதை முடிந்தது. மேயிலும் அதே இடம், அதே கை, அதே பிரேக்.

நான் வெடித்துவிட்டேன்.

"தங்கச்சி, அது உங்கட கத்தோலிக்க சேர்ச்சே இல்லை! இங்கிலீசுக்காரற்ற!"

"சிலுவை இருக்குதெல்லோ, அண்ணை."

"அப்ப மனசுக்குள்ள போடும். கடவுளுக்குக் கை தெரியத்தான் வேணுமோ?"

"எங்கட சேர்ச் சுவாமியும் அப்பிடித்தான் சொன்னவர். நேர்த்தி வைச்சது சுவாமி இல்லையே, நான்தானே."

வேறு சென்டரில் போடலாமென்றால் ஆகஸ்ட் வரை இடம் இல்லை. ஜூன் கடைசியில், குட்மேய்ஸில், யாரோ விட்ட ஒரு இடம் அகப்பட்டது. மூன்றாவது டெஸ்ட். இதையும் விட்டால் கிருஷ்ணராசா வேறு ஆளைப் போட்டுவிடுவான். அவளுக்கும் அது தெரியும். மே மாதத்தில் யுத்தம் முடிந்தது என்று ரீவியில் சொன்னதற்குப் பிறகு அவள் சிலுவை போடுவது கூடியதே ஒழியக் குறையவில்லை.

டெஸ்ட் அன்று விடிய அவளை ஏற்றப் போனேன். முத்து செருப்போடு கேற்றடிக்கு ஓடிவந்து என் கையைப் பிடித்தான்.

"சண்முகண்ணை, யாக்கோப்பு போயிட்டான்."

முதல் நாள் பின்னேரம் அஞ்சலீனா சேர்ச்சில் செபமாலை சொல்லப் போயிருந்த நேரம், யாக்கோப்பின் பெண்சாதி வவுனியா முகாமிலிருந்து யாருடையதோ போனில் எடுத்திருக்கிறாள். ஏப்ரலில் பீரங்கிச் செல் அவன்மேல் விழுந்திருக்கிறது. அங்கேயே ஒரு வளவுக்குள் அவனைத் தாட்டுவிட்டு நடந்திருக்கிறாள்.

"அஞ்சலீனாவுக்கு?"

"சொல்லேல்லை. டெஸ்ட் முடியட்டும். முடிஞ்சவுடன நேர கூட்டிக்கொண்டு வாங்கோ, நான் சொல்லுறன்."

இது எங்கள் சனத்தின் வழக்கம். சோதனை, கலியாணம், பிளைட் எதுவாக இருந்தாலும் அது முடியும்வரை செத்த செய்தியை மூடி வைப்போம். என் தகப்பன் செத்ததையும் எனக்கு ஷிப்ட் முடிந்த பிறகுதான் சொன்னார்கள். அன்றைக்கு எனக்கு வந்த கோபம் இப்போதும் ஆறவில்லை. ஆகவே முத்துவின் மேல் பாய்ந்தேன்.

"விசர்க்கதை கதைக்காதையும். அவவுக்குச் சொன்னால் நேர்த்தியும் முடிஞ்சுது. பிறகு ஏன் கையை எடுக்கப்போறா?"

"சொன்னால் காரில ஏறுவாவோ, அண்ணை?"

டெஸ்ட் முடியுமட்டும் வாய் திறக்கமாட்டேன் என்று வாக்குக் கொடுத்தேன். கதவு திறந்தது. அஞ்சலீனா லைசென்சின் இரண்டு பகுதியையும், பிளாஸ்ரிக் அட்டையையும் அதோடு சேர்ந்த கடதாசியையும், சேர்ச்சுக்குப் போகிறவள் மாதிரி நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தாள். முகத்தில் நித்திரை இல்லை.

"என்னண்ணை, ரெண்டு பேரும் ஒரு மாதிரி நிக்கிறியள்?"

"உம்மை நினைச்சுத்தான்" என்றேன். அது பொய்யும் இல்லை.

பதற்றத்தில் அவளுக்கு இங்கிலீசு ஓடாது. அதனால் மொழிபெயர்ப்பாளனாக நான் பின் சீற்றில் ஏறுவது வழக்கம். அதற்குச் சட்டம் உண்டு. பரீட்சகர் சொல்வதை மட்டும் தமிழில் சொல்லலாம். ஒரு சொல் கூடினால் டெஸ்டும் போகும், கார் பழக்குகிற என் பட்ஜும் போகும். வாய் ஓயாதவனைப் பின்னால் இருத்தி, பெல்ட்டைப் போட்டு, வாயையும் கட்டிவிடுகிற ஏற்பாடு.

அன்றைக்கு வந்த பரீட்சகர் நெட்டையான, சிரிக்காத மனுசன். நம்பர் பிளேட்டை வாசிக்கச் சொன்னார், வாசித்தாள். புறப்பட்டோம். மிரர், சிக்னல், கியர், ஒரு பிழை இல்லை. ரிவர்ஸ் எடுத்தாள், வெண்ணெய் மாதிரி. எனக்கோ கார் முழுக்க யாக்கோப்பு இருந்தான்.

ரவுண்டபவுட் தெரிந்தது. நேரே போகச் சொல் மனுசா என்று எல்லாத் தெய்வத்தையும் கூப்பிட்டேன். அவர் இடது என்றார்.

"ரவுண்டபவுட்டில இடது பக்கம் திரும்பும்" என்றேன்.

என் குரல் எனக்கே பிடிக்கவில்லை. அதோடு இன்னும் ஒரு வசனத்தைச் சேர்த்துவிட்டால் அந்த நெட்டையனுக்கு என்ன விளங்கப்போகிறது? தம்பி இல்லை, நேர்த்தி முடிஞ்சுது, கையை எடுக்காதையும். நாக்கு நுனிவரை வந்தது. ஆனால் ஸ்டியரிங் பிடித்திருக்கிறவளிடம் எந்த மனுசன் அதைச் சொல்வான்? சொன்னாலும் கெட்டது, சொல்லாவிட்டாலும் கெட்டது. முன் சீற்றின் முதுகை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு இருந்தேன்.

கார் திரும்பியது. சிவப்புச் செங்கல் வந்தது. அவளுடைய வலக்கை விரல்கள் ஸ்டியரிங்கிலிருந்து எழும்பின. நான் கண்ணை மூடிக்கொண்டேன். பிரேக் சத்தத்துக்குக் காத்திருந்தேன். வரவில்லை. கண்ணைத் திறந்தால் சேர்ச் பின்னால் போய்விட்டது, இரண்டு கையும் ஸ்டியரிங்கில் இருக்கின்றன, கார் கோட்டுக்குள் ஒழுங்காகப் போய்க்கொண்டிருக்கிறது. மிரரில் அவள் முகம் தெரிந்தது. உதடு துடித்துக்கொண்டிருந்தது.

சென்டருக்கு வந்து நிறுத்தியதும் பரீட்சகர் முதல்தடவையாகச் சிரித்தார். நான் மொழிபெயர்க்க முதலே அவளுக்கு விளங்கிவிட்டது. அவர் இறங்கிப் போக, நான் முன்னால் வந்து ஏறினேன். அவள் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதாள்.

"நான் அவனை விட்டிட்டன், அண்ணை. என்ர பிள்ளையளுக்காக இண்டைக்கு ஒரு நாள் அவனை விட்டிட்டன். அந்தோனியார் ஒரு நாள் பொறுக்கமாட்டாரோ? இனி வானில போகேக்க ஒவ்வொரு சேர்ச்சடியிலயும் நிப்பாட்டி, இறங்கி நிண்டு போடுறன். வட்டியும் முதலுமாக் குடுக்கிறன். அது அவருக்குப் போதுமெல்லோ?"

இப்போது சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். முத்துவுக்குக் கொடுத்த வாக்கு வந்து குறுக்கே நின்றது. "மிரரைப் பாத்து எடும்" என்பதுதான் வெளியே வந்தது. என்னைப் போல ஒரு கோழையை நான் கண்டதில்லை.

வீடுவரை அவளே ஓட்டினாள். அழுகை நின்று, பாதி வழியில் சிரிக்கத் தொடங்கிவிட்டாள். முத்துவை முதன்முதலாக வானில் பக்கத்தில் இருத்தி எங்கே கூட்டிக்கொண்டு போவது என்று திட்டம் போட்டாள். அவர்களுடைய தெருவில் திரும்பியதும் நான் கண்டுவிட்டேன். வழியெல்லாம் தெரிந்த ஆட்களின் கார்கள். வாசற்படியில் சப்பாத்துகள் குவிந்து கிடந்தன. முத்துவுக்கு ஒரு மணித்தியாலம் பொறுக்க முடியவில்லை, யாருக்கோ சொல்லியிருக்கிறான், அது ஊரெல்லாம் பரவிவிட்டது.

அவள் வானுக்குப் பின்னால் அழகாக நிறுத்தி ஹாண்ட் பிரேக்கை இழுத்தாள்.

"இஞ்ச பாருங்கோ, நான் பாஸ் பண்ணினது அதுக்குள்ள இவையளுக்கு எப்பிடித் தெரியும்?"

பிறகு ஜன்னலில் முத்துவின் முகத்தைப் பார்த்தாள். சிரிப்பு அப்படியே நின்றது.

"அண்ணை… யாக்கோப்போ?"

"ஓம்."

கழற்றப்போன பெல்ட்டை விட்டுவிட்டு இரண்டு கையாலும் ஸ்டியரிங்கைப் பிடித்தாள்.

"சேர்ச்சடி வருமட்டும் உயிரோட இருந்தவன். நான் விட்டவுடனதான்…"

"இல்லைத் தங்கச்சி, இல்லை! அது ஏப்ரலில. ரெண்டு மாசமாச்சு. நேற்றுத்தான் செய்தி வந்தது. இண்டைக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை."

"உங்களுக்கு எப்ப தெரியும்?"

"விடிய."

"இடது பக்கம் திரும்பும் எண்டு சொல்லேக்க?"

"தெரியும்."

"அவனை விட்டிட்டன் எண்டு நான் அழேக்க?"

"தெரியும்."

அவள் என்னைப் பார்க்கவில்லை. முன்னால் நின்ற வானைப் பார்த்துக்கொண்டு, சத்தமே போடாமல் கேட்டாள்.

"அவ்வளவு நேரமும் வாயைத் திறக்காத நீங்கள் இப்ப ஏப்ரல் எண்டு சொன்னால், நான் எப்பிடி அண்ணை நம்புறது?"

முத்து வந்து கண்ணாடியில் தட்டினான். அவள் கதவைத் திறக்கவில்லை. என் காலடியில் எனக்கென்று ஒரு பிரேக் இருந்தது, அதை மிதிக்கவேண்டிய இடம் எப்போதோ தாண்டிப்போயிருந்தது. நானும் பெல்ட்டைக் கழற்றாமல் அப்படியே இருந்தேன்.