ஏ ஆகட்டும், வரேன்

தெபு மலை புகைகிறது என்று கேட்டதும் தெர்கெலின் பைக் சாவியைத் தேடினான். எரிமலை ஆபீஸில் வேலை பார்ப்பவன் அவன். கல்யாணமான புதிதில், மாமனார் அங்கே நிலம் வாங்கலாமா என்று கேட்டபோது, "அது பி மலை மாமா. ஆபத்தானதெல்லாம் ஏ. பயப்படாம வாங்குங்க" என்று பெரிய மேதாவி போல வாயை விட்டவனும் அவனே. மாமனார் ராஸ்மின் தாரிகன் அதை நம்பி மேல் சரிவில் ஆரஞ்சுத் தோட்டம் போட்டு, குடிசை கட்டி, மனைவியோடு அங்கேயே தங்கிவிட்டார்.

அந்த எழுத்தின் லட்சணம் அவனுக்கே பிறகுதான் புரிந்தது. ஆயிரத்து அறுநூறாம் ஆண்டுக்கு இந்தப் பக்கம் வெடித்ததாகப் பதிவு இருந்தால் அந்த மலை ஏ. பதிவு இல்லையென்றால், கந்தகப் புகை கக்கிக்கொண்டிருந்தாலும் பி. மலை தூங்குகிறதா முறைக்கிறதா என்பதெல்லாம் எழுத்துக்குத் தெரியாது. பி என்பதால் கண்காணிப்புச் சாவடியும் இல்லை, கருவியும் இல்லை. தெரிந்த பிறகும் மாமனாரிடம் அவன் சொல்லவில்லை. பெண் கொடுத்த வீட்டில் போய், என் பேச்சை நம்பி ஏமாந்தீர்கள் என்று எந்தக் காரோ இனத்து ஆண்பிள்ளை சொல்வான்? வெட்கம் பிடுங்கித் தின்றது.

இப்போது வெட்கம் பார்க்க நேரமில்லை. பைக்கை எடுத்துக்கொண்டு ஏறினான். தோட்டத்தில் இலையெல்லாம் சாம்பல். மாமனார் வெற்றிலையை மென்றபடி பழம் பறித்துக்கொண்டிருந்தார்.

"மாமா, இறங்கிடுங்க. அன்னிக்கு நான் சொன்னது தப்பு."

"ஏன், ஏ ஆக்கிட்டாங்களா?"

"இல்ல. வெடிச்சப்புறம்தான் மாத்துவாங்க."

"வெடிச்சப்புறம் மாத்த ஒரு ஆபீஸு, அதுக்கு ஒரு சம்பளம்! நல்லா பொழைக்கிறீங்க மாப்ளே." சிரித்தார். "பழம் பழுத்து நிக்குது, விட்டுட்டு வரச் சொல்றியே. மாமியை மட்டும் கொண்டுபோய் விடு. ஏ ஆகட்டும், வரேன்."

மாமியாரும் மருமகனும் பேசக்கூடாது, ஒருவர் மேல் ஒருவர் படக்கூடாது. காரோ வீடுகளில் அந்தக் கட்டுப்பாட்டை யாரும் மீற மாட்டார்கள். பைக்கில் இருவருக்கும் நடுவே ஏதாவது இருந்தாக வேண்டும்.

"நீங்களே நடுவுல உட்காருங்க மாமா. மூணு பேரும் போயிடலாம்." கெஞ்சினான்.

"சொன்னதைச் செய்." ஆரஞ்சுக் கூடையைத் தூக்கி நடுவில் வைத்துக் கட்டினார்.

பெண் கொடுத்தவர் சொல்லிவிட்டால் அப்பீல் இல்லை. குண்டுக்கட்டாகத் தூக்கிப் போட்டுக்கொண்டு வந்திருக்கலாம். அவன் வளர்ந்த வளர்ப்பு கையைக் கட்டிவிட்டது. வழியெல்லாம் மாமி, "கூடையே, மெதுவா போகச் சொல்லு. கூடையே, உடனே திரும்பிப் போய் அவரையும் கூட்டிட்டு வரச் சொல்லு" என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

அடிவாரத்துத் தேவாலய வாசலில் அவளை இறக்கிவிட்டு அவன் பைக்கைத் திருப்பும்போது மலை வெடித்தது. மேல் சரிவையே காணவில்லை, கரும்புகைதான் உருண்டு வந்தது. பாதையை மறித்த சிப்பாய்களின் காலைப் பிடித்து அழுதான். அவர்கள் விடவில்லை.

அந்த வாரமே தெபு மலை ஏ ஆனது. ஆபீஸ் சுவர் வரைபடத்தில் எழுத்தை மாற்றும் வேலை அவன் தலையிலேயே விழுந்தது. மாற்றிவிட்டு வீட்டுக்கு வந்தான். மாமி கூடையின் எதிரே உட்கார்ந்திருந்தாள். ஒரு பழத்தைக்கூட யாரும் தொடவில்லை. அவன் நுழைந்ததும் அவள் தலையை நிமிர்த்தாமல் சொன்னாள்:

"கூடையே, ஏ ஆயிடுச்சாம். போய் அவரைக் கூட்டிட்டு வரச் சொல்லு."