பின்னால ஓடின பஸ்ஸும் வராத இசைக்காரரும்

எல்லாரும் சௌக்கியமா இருக்கீங்களா? முழங்கால் வலி, சளித் தொல்லையெல்லாம் தேவலையா? எனக்கு முந்தாநாள்லருந்து சிரிச்சு சிரிச்சே விலா வலிக்குது. விஷயத்தைச் சொல்லிடறேன்.

என் பேத்தி ஒரு குறும்படம் எடுத்திருக்கா. எங்க ஊரும், புதுசு புதுசா எதையாவது செஞ்சு பாக்கற அவளோட சிநேகிதங்க, ஓவியர், சிற்பி இவங்களும்தான் படம். ஆனா எல்லாமே தலைகீழா ஓடும். புகை போய் குழாய்க்குள்ள நுழையும். ஓவியர் தூரிகையைத் தடவத் தடவ படம் அழிஞ்சு வெறும் துணி ஆகும். படத்துல சத்தமே கிடையாது, ஒரு இசைக்காரர் மேடை ஓரமா உட்கார்ந்து நேர்ல வாசிக்கணும்.

படம் போடற ஹாலோட சொந்தக்காரர் கறாரா சொல்லிட்டார். "போன தடவை மாதிரி ஜனம் பாதியில எழுந்து போச்சுன்னா, இனிமே ஹாலை டான்ஸ் கிளாசுக்கு விட்டுடுவேன், பாத்துக்கம்மா." அவளுக்கு இதை விட்டா படம் போட வேற இடமே கிடையாது.

படம் ஆரம்பிக்கற நேரம், இசைக்காரரைக் காணோம். போன் பண்ணா, "நான் வராததுதான் இன்னைக்கு என் இசை"ங்கறார்.

பேத்தி பல்லைக் கடிச்சா. கண்ணு கலங்கிடுச்சு.

"விடுடி, படத்தைப் போடு"ன்னேன்.

போட்டா. ஹாலே கப்சிப். பின்வரிசையில ரெண்டு பேர் பையைத் தூக்கிட்டாங்க. ஹால்காரர் வாசல்ல கையைக் கட்டிட்டு நிக்கறார். அப்போ திரையில ஒரு பஸ் பின்பக்கமா வந்து நின்னுது. நான் கூட்டிட்டுப் போயிருந்த மாடிவீட்டு மாமா ரிட்டயர் ஆன கண்டக்டர். அவருக்குப் பொறுக்கல.

"இறங்கினவங்கல்லாம் ஏறுங்க. டிக்கெட்டைக் குடுத்துட்டு காசை வாங்கிக்கங்க."

ஹால் குலுங்கிடுச்சு. அடுத்து சலூன்ல வெட்டின முடியெல்லாம் மறுபடி தலையில போய் ஒட்டுது. "எங்க வீட்டுக்காரரை அங்க கூட்டிட்டுப் போங்கப்பா"ன்னு ஒரு பொம்பளைக் குரல். சிற்பி செஞ்ச மண்குதிரை திரும்ப மண்ணுருண்டை ஆச்சா, என் பக்கத்து சீட்ல இருந்த அவரோட அம்மா, "இதைத்தானே நான் முதல்லயே சொன்னேன்"ங்கறாங்க. பையைத் தூக்கினவங்க உட்கார்ந்துட்டாங்க. பஸ் வர்றப்பல்லாம் மாமா ஸ்டாப் பேரைக் கடைசியிலருந்து கூவினார்.

படம் முடிஞ்சதும் ஹால்காரர் பேத்திகிட்ட வந்து, "அடுத்த வாரமும் போடும்மா. அந்தக் கண்டக்டரை மறக்காம கூட்டிட்டு வா"ன்னார்.

மறுநாள் காலையில இசைக்காரர் எங்க வீட்டு வாசல்ல வந்து நிக்கறார். "நான் வராததாலதானே அவ்வளவு சத்தமும் வந்துது? படத்துல என் பேரை முதல்ல போடு."

"போடறேன் சார். ஆனா அடுத்த வாரமும் வராம இருக்கணும்"ன்னா பேத்தி.

"ஒத்திகைக்கும் வராம இருக்கணுமா?"ன்னு கேட்டுட்டுப் போறார் மனுஷன்.

உங்க பக்கத்துலயும் இப்படி வராமலே பேர் வாங்கின ஆள் யாராவது இருந்தா எழுதுங்க. மாமாவுக்கும் படிச்சுக் காட்டறேன்.