இருநூற்றுப் பதினெட்டு நாள்

காசியம்மாளுக்குப் பிறந்ததிலிருந்து மஞ்சள் காமாலை வந்ததே இல்லை. ஆனால் மேல்முறையீட்டை இருநூற்றுப் பதினெட்டு நாள் தாமதமாகப் போட்டதை மன்னிக்கச் சொல்லும் மனுவில் அதுதான் காரணம். தீர்ப்பு வந்த நாளிலிருந்தே நாட்டு வைத்தியம் பார்த்துக்கொண்டு படுத்த படுக்கையாகக் கிடந்தாளாம். எழுதியவர் வக்கீல் தனசேகரன். கையெழுத்துதான் அவளுடையது.

அன்றைக்கே சொல்லிப் பார்த்தாள். "நெசமான காரணத்த எழுதுங்க சார்."

"கற்பூர சத்தியத்துக்கு இன்னா சீட்டும்மா காட்டுவ? நாட்டு வைத்தியம்னா டாக்டர் சீட்டே கேக்க மாட்டாங்க. எல்லாரும் இதான் எழுதறாங்க."

இப்போது கள்ளக்குறிச்சி கோர்ட்டில் கூண்டில் நிற்கிறாள். நைனார்பாளையத்துக் கிணறும் முக்கால் ஏக்கரும் போனால் புருஷன் இல்லாத அவளுக்கு வேறு பிழைப்பில்லை. கீழ்க்கோர்ட்டு அதைக் கொழுந்தன் தங்கதுரைக்குக் கொடுத்துவிட்டது. இந்த மனு தள்ளுபடியானால் மேல்முறையீட்டை யாரும் பிரித்துக்கூடப் பார்க்க மாட்டார்கள்.

எதிர்வக்கீல் ஒரு போட்டோவை நீட்டினார். மாரியம்மன் கோயில் வாசலில் அவள் தீச்சட்டியோடு நிற்கிறாள்.

"தீர்ப்பு வந்த இருபதாம் நாள் எடுத்தது. படுத்த படுக்கையா இருந்தவங்க தீச்சட்டி தூக்கிக்கினு போனீங்களா?"

யாரோ சிரித்தார்கள். அவளுக்கு முதுகெல்லாம் வேர்த்தது. தனசேகரனைப் பார்த்தாள். அவர் கேஸ் கட்டைப் புரட்டிக்கொண்டிருந்தார். புரட்டுவதற்கு நல்ல நேரம் பார்த்தார் மனுஷன்.

மறுபடி போட்டோவைப் பார்த்தாள். பக்கத்திலேயே தங்கதுரை. பயம் போகவில்லை, அதன்மேல் ஆத்திரமும் ஏறிக்கொண்டது.

"நான்தாங்க ஐயா. காமாலை பொய்யி. அன்னிக்கித்தான் கொழுந்தனாரு அந்த அம்மன் முன்னாடி கற்பூரத்த அணைச்சு சத்தியம் பண்ணாரு. அப்பீலு போவாத அண்ணி, ஆடி போயி ஆவணி வந்தா பாதிய எழுதித் தரேன்னாரு. நம்பிக் காத்துக்கினு இருந்தேன். இன்னிக்கி நாளைக்கின்னு இழுத்து மாசியில கெணத்துக்கு வேலி போட்டாரு."

"இதை ஏன் மனுவுல எழுதல?" என்றார் நீதிபதி.

"நெசத்துக்கு சீட்டு இல்லன்னாங்க ஐயா."

நீதிபதி, பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்த தங்கதுரையை எழுந்திருக்கச் சொன்னார். "இந்தம்மா சொல்றது உண்மையா?"

இல்லை என்று ஒரு சொல் போதும். வேலி போட்டவனுக்கு அது பெரிய காரியமா? காசியம்மாள் கூண்டின் கட்டையை இறுகப் பிடித்துக்கொண்டாள். தங்கதுரை தன் வக்கீல் கையிலிருந்த போட்டோவில் அந்த அம்மன் வாசலையே பார்த்தான். சத்தியத்தை மீறத் துணிந்தவனுக்கு, செய்யவே இல்லை என்று சொல்ல நாக்கு எழவில்லை.

"அணைச்சது நெசந்தாங்க."

நீதிபதி பொய் மனுவுக்காக அவளைக் கடிந்துகொண்டார். பிறகு தாமதத்தை மன்னித்து உத்தரவு போட்டார்.

வெளியே தனசேகரன் முகமெல்லாம் பல். "ஜெயிச்சாச்சும்மா."

"கெணறு வந்துருச்சா சார்?"

"அதெப்படி? அப்பீலுக்கு இனிமேதான் நம்பரே போடுவாங்க. நாலஞ்சு வருஷமாவது ஆவும்."

காசியம்மாள் முந்தானையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டாள். "நான் ஏழு மாசம் லேட்டா வந்ததுக்கு இத்தினி கேள்வி கேட்டாங்க. இவங்க லேட்டுக்கு யாரு சார் மனு போடறது?"